வௌவால் குகையில் தில்லிபாபு போட்ட பீம்

போன மாதம் வடபழனியில் ஓர் ஒலிக்கூடத்துக்குப் போயிருந்தேன். ஓய்வு பெற்றாலும் எனக்குக் கால் சும்மா இருப்பதில்லை. கூட வேலை பார்த்தவர்கள் யாராவது கூப்பிட்டால் சட்டையை மாட்டிக்கொண்டு கிளம்பிவிடுவேன். அங்கே எடிட்டிங் செய்துகொண்டிருந்த இளைஞர் ஒருவர் திரையில் ஒரு குகைக் காட்சியை வைத்துக்கொண்டு ஏதோ இரண்டு பொத்தான்களைத் தட்டினார். வெறும் இருட்டாக இருந்த குகைக்குள் ஒளிக்கற்றை ஒன்று பளிச்சென்று வந்து நின்றது. “சார், நீங்க குகைப் படமெல்லாம் பண்ணியிருக்கீங்களாமே. அப்ப இந்த பீமை எப்படிக் கொண்டு வந்தீங்க?” என்று கேட்டார். நல்ல பிள்ளை, ஆசையாகத்தான் கேட்டார். டீ குடித்துவிட்டு வருகிறேன் என்று சொல்லி வெளியே வந்தவன், திரும்பிப் போகாமல் அப்படியே ராயபுரத்துக்கு பஸ் ஏறிவிட்டேன். அவருக்குச் சொல்லியிருக்க வேண்டிய பதிலை இப்போது எழுதுகிறேன்.

நான் ஒலிப்பதிவாளன். அப்பா துறைமுகத்தில் கிரேன் ஓட்டியவர். எங்கள் வீட்டில் யாரும் மெதுவாகப் பேசமாட்டோம், பேசினால் ஒருவருக்கும் கேட்காது. அப்படிப்பட்ட வீட்டிலிருந்து வந்தவன் ஊசி விழுகிற சத்தத்தைப் பிடிக்கிற வேலைக்குப் போனது கடவுளின் கிண்டல்தான். டிப்ளமா படித்தது, டப்பிங் தியேட்டரில் கேபிள் சுற்றியது, சீனியர்களிடம் திட்டு வாங்கியது எல்லாம் ஊருக்கெல்லாம் ஒரே கதை, விட்டுவிடுவோம். தொண்ணூறுகளின் கடைசியில் ஆவணப்பட இயக்குநர் சேதுராமனிடம் போய்ச் சேர்ந்தேன். ஏழெட்டு வருடம் அவரோடு சுற்றினேன்.

சேது சாரைப் பற்றிக் கொஞ்சம் சொல்லியாக வேண்டும். அவர் கத்தி நான் கேட்டதே இல்லை. சினிமாக் கம்பெனிகளில் காது கிழியத் திட்டு வாங்கிய எங்களுக்கு அவர் தெய்வமாகத் தெரிந்தார். எல்லோரும் சாப்பிட்டு முடித்த பிறகுதான் தட்டை எடுப்பார். ஒரு ஷாட் பிடிக்காவிட்டாலும் பிடிக்கவில்லை என்று சொல்லமாட்டார். தாடையைத் தடவிக்கொண்டு, “நல்லாத்தான் இருக்கு... ஆனா என்னமோ ஒண்ணு குறையுதே” என்பார். அவ்வளவுதான். அந்த ‘என்னமோ ஒண்ணு’ எதுவென்று தெரியாமல் நாங்கள் ஆளாளுக்கு ஓடுவோம். காமிராக்காரர் லென்ஸை மாற்றுவார், நான் மைக்கை நகர்த்துவேன். திட்டுகிற ஆளிடம் திட்டு வாங்கிக்கொண்டு சும்மா நின்றுவிடலாம். இந்த மாதிரி ஆளிடம் அது முடியாது. அவர் முகத்தில் அந்தக் குறையைப் போக்கிவிட வேண்டும் என்று மனசு கிடந்து அடித்துக்கொள்ளும்.

ஒரு வெளிநாட்டுத் தொலைக்காட்சிக்காகக் குகை ஆராய்கிறவர்களைப் பற்றிப் படம் எடுக்கும் வேலை அவருக்கு வந்தது. ஆந்திராவில், கர்னூலைத் தாண்டி, சுண்ணாம்புப் பாறைக் காடு. ரெட்டி என்று ஒருவர், வங்கியில் வேலை, லீவு கிடைத்தால் கயிற்றை எடுத்துக்கொண்டு பூமிக்குள் இறங்கிவிடுகிறவர். அவர் புதிதாகக் கண்டுபிடித்த ஒரு குகைக்குள் அவரோடு போய் எடுக்க வேண்டும்.

ரயிலில் எனக்கு எதிர் சீட்டில் வந்து உட்கார்ந்தான் லைட் மேன் தில்லிபாபு. வாடகைக்கு விளக்கு எடுத்த இடத்திலிருந்து விளக்குகளோடு அனுப்பப்பட்டவன். சாப்பாட்டுப் பொட்டலத்தைப் பிரித்ததும் கருவாட்டு வாசனை பெட்டி முழுக்கப் பரவியது. சேது சார் நாசூக்காக ஜன்னல் பக்கம் திரும்பிக்கொண்டார். நான், “எந்த ஊர்ப்பா?” என்றேன்.

“எண்ணூருண்ணா. நீ?”

“ராயபுரம்.”

“அட, நம்மாளு! அப்ப இன்னாத்துக்கு மூக்க சுளிக்கிற? தோ, புடி” என்று பாதிக் கருவாட்டை என் தட்டில் வைத்தான். நான் மூக்கைச் சுளிக்கவே இல்லை, நாக்கில் எச்சில் ஊறிக்கொண்டிருந்தது.

கடல் தொழில் செய்கிற குடும்பம். அண்ணன் இன்னும் போட்டில் போகிறார். முகத்துவாரத்தில் அனல்மின் நிலையத்துச் சாம்பல் படிந்து மீன் குறைந்த பிறகு இவன் சினிமாவுக்கு வந்துவிட்டான். வீட்டில் மனைவி கஸ்தூரி, நாலு வயசில் பவானி என்று ஒரு மகள். அந்தப் பயணம் முழுக்க மகள் புராணம்தான். இவன் தோளில் உட்கார்ந்துகொண்டுதான் அவள் சோறு தின்பாளாம், இறக்கிவிட்டால் வாயை மூடிக்கொள்வாளாம். “என் தலைமுடி பூரா பருப்பு சோறுண்ணா” என்று பெருமையாகச் சொன்னான். கேட்டுக் கேட்டு எனக்கே அந்தக் குழந்தை மேல் கொஞ்சம் எரிச்சல் வந்தது.

குகைக்குள் வேலை செய்வது எப்படி என்று இப்போது இருக்கிறவர்களுக்குத் தெரியாது. ஜெனரேட்டர் வெளியே நிற்கும். கேபிளை இழுத்துக்கொண்டே உள்ளே போக வேண்டும். ஆள் ஊர்ந்து போகிற சந்துகளில் சாமானைக் கை மாற்றிக் கை மாற்றித் தள்ள வேண்டும். என் ரெக்கார்டரைப் பிளாஸ்டிக் பையில் சுற்றி, ஈரம் இழுக்கிற சின்னப் பொட்டலங்களை உள்ளே போட்டு, குழந்தையைப் போல நெஞ்சோடு அணைத்துக்கொண்டு ஊர்வேன். உள்ளே போய்ச் சேர்ந்ததும் எல்லோரையும் அசையாமல் நிற்கச் சொல்லி, அந்த இடத்தின் வெறும் சத்தத்தைப் பதிவு செய்வேன். முதல் தடவை தில்லிபாபு அதைப் பார்த்துவிட்டு, “இன்னாண்ணா, ஒண்ணியும் இல்லாததப் போய் புடிச்சிகினு கீற” என்று சிரித்தான்.

இன்னொன்றும் சொல்ல வேண்டும். குகைப் படங்களில் ‘மனிதக் காலடி படாத அறைக்குள் முதல் முறையாக நுழைகிறார்’ என்று ஒரு காட்சி வருமே, அதில் காமிரா எங்கே இருக்கிறது என்று கவனித்திருக்கிறீர்களா? உள்ளேதான் இருக்கும். அவர் முகத்தைப் பார்த்துக்கொண்டு. அப்படியென்றால் அவருக்கு முன்னால் காமிராக்காரர் போயிருக்க வேண்டும். காமிராக்காரருக்கு முன்னால் லைட் மேன் போயிருக்க வேண்டும். எங்கள் படத்தில் ஒவ்வொரு அறைக்கும் முதலில் போனவன் தில்லிபாபு.

கடைசியாக இருந்தது வௌவால் அறை. பெரிய கல்யாண மண்டபம் அளவு இருக்கும். கூரை முழுக்க வௌவால், தரை முழுக்க அதன் எச்சம், காலங்காலமாக விழுந்து காய்ந்து காபித்தூள் மாதிரி கிடந்தது. ரெட்டிக்கு இந்த மாதிரி இடத்தில் ஒரு வழக்கம் உண்டு. ஈரத் துணியால் மூக்கையும் வாயையும் கட்டிக்கொள்வார். ஒருவர் பின் ஒருவராக, முன்னால் போகிறவரின் காலடியிலேயே கால் வைத்து நடக்கச் சொல்வார், தூள் கிளம்பக்கூடாது என்பதற்காக. “சீனியர்லு சொல்லிக் கொடுத்தாங்க. தூசி ஏறினா குகைக் காய்ச்சல் வரும்னு அண்டாங்க” என்றார் தெலுங்கு கலந்த தன்னுடைய தமிழில். அதற்கு மேல் அவருக்கும் அப்போது தெரியாது. தூசி என் மெஷினுக்கு ஆகாது என்பதால் நான் நீளமாகக் கேபிள் விட்டுப் பக்கத்துச் சந்தில், அறை கண்ணில் படுகிற மாதிரி உட்கார்ந்துகொண்டேன்.

காட்சி இதுதான். சந்திலிருந்து ரெட்டி நுழைகிறார். அவருக்குப் பின்னால் தில்லிபாபு வைத்த பெரிய விளக்கு. எதிரே, அறைக்குள் காமிரா. முதல் ஷாட் எடுத்தார்கள். ஹெட்போனில் சேது சாரின் குரல் கேட்டது.

“நல்லாத்தான் இருக்கு... ஆனா என்னமோ ஒண்ணு குறையுதே.”

தில்லிபாபுதான் கண்டுபிடித்தான். “சார், பீம் தெரியல சார். அதான்.”

காற்று சுத்தமாக இருந்தால் ஒளி கோடாகத் தெரியாது. வெறுமனே சுவரில் போய் விழும். ஸ்டுடியோவில் அதற்குத்தான் சாம்பிராணிப் புகை போடுவோம். குகைக்குள் நெருப்பு வைக்கவே கூடாது என்று ரெட்டி முதல் நாளே கண்டிப்பாகச் சொல்லியிருந்தார். புகை போட வழியில்லை. சினிமாவில் வேலை பார்த்த எந்த லைட் மேனும் அந்த இடத்தில் என்ன செய்வானோ அதைத்தான் தில்லிபாபு செய்தான். குனிந்து, இரண்டு கையாலும் தரையிலிருந்து அந்தத் தூளை அள்ளி மேலே வீசினான்.

“அடடா!” என்றார் சேது சார். அவர் அப்படிச் சொல்லி நான் கேட்டது அந்த ஒரு தடவைதான்.

அப்புறம் தில்லிபாபுவைக் கையில் பிடிக்க முடியவில்லை. தூள் கொஞ்ச நேரத்தில் படிந்துவிடும், மறுபடி வீச வேண்டும். சட்டையைக் கழற்றி விசிறியாக வைத்துக்கொண்டு தரையைத் தட்டித் தட்டிக் கிளப்பினான். மற்றவர்கள் கைக்குட்டையைக் கட்டிக்கொண்டார்கள். அவன் கைக்குட்டை வியர்வையில் நனைந்து மூச்சு முட்டுகிறது என்று அவிழ்த்துப் போட்டுவிட்டான். சந்தில் தன் முறைக்காகக் காத்திருந்த ரெட்டி, முகம் தெரிய வேண்டும் என்பதால் தானும் துணியை எடுத்துவிட்டு, ஒவ்வொரு ஷாட்டுக்கும் நுழைந்து நுழைந்து வெளியே போனார். “தூசி ஜாஸ்தி ஆகுது சார்” என்று ஒருமுறை சொன்னார். “இதோ முடிஞ்சிடுச்சு, இன்னும் ஒண்ணே ஒண்ணு” என்றார் சேது சார், கைகூப்பாத குறையாக. காலையில் தொடங்கியது மத்தியானச் சாப்பாட்டு நேரம் தாண்டித்தான் முடிந்தது. வெளியே வந்தபோது தில்லிபாபு தலை முதல் கால் வரை காபி நிறத்தில் நின்றான். “வூட்ல இப்டி போய் நின்னா கஸ்தூரி உள்ள உடமாட்டா” என்று சிரித்துக்கொண்டே காறித் துப்பினான். துப்பியதும் அதே நிறத்தில் இருந்தது.

ஊருக்கு வந்து ஒன்றிரண்டு வாரத்தில் எல்லோருக்கும் காய்ச்சல். எனக்கு இரண்டு நாள், காமிராக்காரருக்கு ஒரு வாரம். லாட்ஜ் தண்ணீர் சரியில்லை என்று பேசிக்கொண்டோம். எங்களுக்கெல்லாம் போய்விட்டது. தில்லிபாபுவுக்குப் போகவில்லை.

சில மாதம் கழித்து அவன் வேலைக்கே வருவதில்லை என்று கேள்விப்பட்டு எண்ணூருக்குப் போனேன். பஸ்ஸிலிருந்து இறங்கிக் குப்பத்துக்கு நடக்கையில் சட்டைக் காலரில் சாம்பல் படிந்தது. தில்லிபாபுவை எனக்கு அடையாளம் தெரியவில்லை. கன்னம் ஒட்டிப்போய், தோள் எலும்பு தெரிய, வீட்டை ஒட்டி வலை போட்டு வைக்கிற கொட்டகையில் கட்டில் போட்டு உட்கார்ந்திருந்தான்.

“டீ.பி.ண்ணா. மருந்து துன்னுகினு கீறேன். தேறிடும்னு சொல்லிகீறாங்கோ.”

சளியில் கிருமி வரவில்லை, ஆனால் நெஞ்சுப் படத்தில் தெரிகிறது என்று சொல்லி மருந்தை ஆரம்பித்திருந்தார்கள். யாரைக் குற்றம் சொல்வது? அந்தப் பக்கத்தில் இருமாத வீடு எது? டாக்டருக்கு டீ.பி., கஸ்தூரிக்கு அனல்மின் நிலையத்துச் சாம்பல், அவன் அண்ணனுக்குச் சாராயம். ஆளுக்கொரு காரணம் கையிலேயே இருந்தது. என்ன வேலை பார்க்கிறாய் என்று ஆஸ்பத்திரியில் கேட்டபோது லைட் மேன் என்று சொல்லியிருக்கிறான். விளக்கிலிருந்து என்ன நோய் வரும்? அதோடு விட்டுவிட்டார்கள்.

நான் பேசிக்கொண்டிருக்கும்போது பவானி வாசலில் வந்து நின்றாள். கொட்டகைக்கும் வீட்டுக்கும் நடுவில் துணி துவைக்கிற கல் ஒன்று கிடந்தது. அதற்கு அந்தப் பக்கமே நின்று, சிலேட்டில் வரைந்த படகைத் தூக்கிக் காட்டினாள். இவன் இங்கிருந்தே கை தட்டினான். அவள் கல்லைத் தாண்டவில்லை. நான் புரியாமல் பார்த்தேன்.

கஸ்தூரி தாழ்ந்த குரலில் சொன்னாள். “கொயந்தைக்கு ஒட்டிக்கும்னு, கிட்ட வராதன்னு இது சொல்லிகீதுண்ணா. அது கொயந்த தானே, ஒரு நா ஓடியாந்து கட்டில்ல ஏறிச்சி. அதும்மேல குரல ஒசத்தாத மனுசன், கையில இருந்த டம்ளர தூக்கி அட்ச்சிடிச்சி. மேல படல, செவுத்துல பட்டுச்சி. கிட்ட வந்தா கொன்னுடுவேன்னு கத்திச்சி. கொயந்த வெலவெலத்துப் போயிட்டா. அன்னிக்கி நைட்டு பூரா இது அய்துகினே கெடந்துச்சி.”

தில்லிபாபு அதைக் கேட்டுக்கொண்டுதான் இருந்தான். “அதுக்கு வந்துட்டா இன்னாண்ணா பண்றது?” என்றான். “எனுக்கு சரியாயிடட்டும். அப்பால என் தோள உட்டு எறங்கவே உடமாட்டேன்.”

தட்டு தனி, டம்ளர் தனி, பாய் தனி. அவன் மூச்சுக்காற்று வீட்டுப் பக்கம் போகாதபடி கட்டிலைக் கூடக் காற்று பார்த்துத் திருப்பிப் போட்டிருந்தான். கடல்காரன், காற்று அவனுக்குத் தெரியும்.

படம் முடிந்து சென்னையில் ஒரு சின்ன அரங்கத்தில் போட்டுக் காட்டினார்கள். அவனும் வந்தான். கஸ்தூரி கையைப் பிடித்துக்கொண்டு, வாயில் துணி கட்டிக்கொண்டு, யாரும் உட்காராத கடைசி வரிசையில் உட்கார்ந்தான். வௌவால் அறை வந்தது. இருட்டு. பிறகு பொன் நிறத்தில் ஒளி கோடு கோடாகப் பிரிந்து, அதற்கு நடுவில் ரெட்டி நுழைந்தார். அரங்கமே கை தட்டியது. திரும்பிப் பார்த்தேன். தில்லிபாபு எனக்குக் கட்டைவிரலைத் தூக்கிக் காட்டினான். வெளியே வந்ததும் இருமலுக்கு நடுவில், “பீம் எப்டி கீது பாத்தியாண்ணா?” என்றான். “ஜோரா கீதுடா” என்றேன். சத்தியமாக ஜோராகத்தான் இருந்தது.

ஆறேழு மாத மருந்துக்குப் பிறகும் அவன் தேறவில்லை. ரெட்டிக்குப் போன் செய்தேன். உதவி கேட்டெல்லாம் இல்லை. உடன் வேலை பார்த்தவன் இப்படிக் கிடக்கிறான் என்று சொல்லத்தான். அவர் என்னைப் பேசவிடவில்லை.

“வாய்ல புண்ணு இருக்கா சார்? நாக்குல?”

இருந்தது. ரசம் கூட எரிகிறது என்று போன தடவை சொல்லியிருந்தான்.

“டீ.பி. காது சார், டீ.பி. இல்ல! எனக்கும் வந்துச்சு. ஐதராபாத்ல டாக்டரு கண்டுபிடிச்சாரு. வௌவால் எச்சத்துல ஒரு பூஞ்சை இருக்கு. அந்தத் தூசி நுரையீரல்ல போயி வளரும். நான் ஷாட்டுக்கு அஞ்சு நிமிஷம் நின்னவன், பொழைச்சேன். அவரு நாளெல்லாம் அதுல நின்னாரே...” அந்தப் பக்கம் பேச்சு நின்றது. அவர் அழுகிறார் என்று எனக்குத் தெரிந்தது. வாழ்நாள் முழுக்கச் சத்தம் கேட்டவன் நான், அதை எனக்குச் சொல்ல வேண்டியதில்லை.

அன்றே ஆட்டோ பிடித்துக்கொண்டு போய் அவனைப் பெரிய ஆஸ்பத்திரியில் சேர்த்தோம். டாக்டர் ஒரு இளம்பெண். நான் குகை, வௌவால் என்று சொல்லச் சொல்ல அவர் முகம் மாறியது. வாய்ப்புண்ணிலிருந்து துளி எடுத்துப் பரிசோதித்தார்கள். ரெட்டி சொன்னதேதான். அவனுக்குச் சர்க்கரை நோய் இருந்ததும் அப்போதுதான் தெரிந்தது. அதுவும் சேர்ந்து உடம்பை உருக்கியிருந்தது. “மருந்து இருக்கு. ஆனா ரொம்பப் பரவிடுச்சு. பார்க்கலாம்” என்றார். எழுந்து போகப்போனவர் நின்று, “ஒரு விஷயம், நீங்க யாரும் பயப்பட வேண்டாம். இது ஒருத்தர்கிட்டேயிருந்து இன்னொருத்தருக்குத் தொத்தாது” என்றார். ஆறுதலாகத்தான் சொன்னார்.

கஸ்தூரி அவரையே பார்த்தாள். “தொத்தாதா?”

“தொத்தாதும்மா.”

“அப்ப கொயந்தய கிட்ட வச்சிகினு இருந்திருக்கலாமா?”

டாக்டருக்கு வீட்டில் நடந்தது எதுவும் தெரியாது. “தாராளமா இருந்திருக்கலாமே” என்று சொல்லிவிட்டு அடுத்த படுக்கைக்குப் போனார். கஸ்தூரி சுவரைப் பிடித்துக்கொண்டு உட்கார்ந்துவிட்டாள். அன்று மாலை சேது சாருக்குப் போன் செய்து சொன்னேன். “நான் அதைப் பண்ணச் சொல்லவே இல்லையேப்பா. தில்லி தானாத்தானே...” என்று ஆரம்பித்தவர் பாதியில் நிறுத்திவிட்டார். அவர் சொன்னது உண்மைதான். அவர் எதையுமே பண்ணச் சொன்னதில்லை. எனக்கு அவர் மேல் வந்த கோபம் இன்றுவரை போகவில்லை. அது நியாயமா என்றால் தெரியாது, வந்த கோபத்தை எழுதுகிறேன்.

மறுநாள் பவானியை அழைத்து வந்தார்கள். தில்லிபாபு தலையணையில் சாய்ந்து உட்கார்ந்து, ஷேவ் கூடச் செய்துகொண்டு காத்திருந்தான். இரண்டு கையையும் நீட்டி, “வா கண்ணு, நைனாகிட்ட வா” என்றான்.

அவள் வார்டு வாசலிலேயே நின்றுவிட்டாள். பாவாடை நுனியால் மூக்கைப் பொத்திக்கொண்டாள். கஸ்தூரி தள்ளிப் பார்த்தாள். கதவைப் பிடித்துக்கொண்டு நகரவில்லை.

“இப்ப போலாம்டி. டாக்டரம்மா சொல்லிட்டாங்கோ.”

“இல்ல. நைனா சும்மா கூப்புடுது. போனா அடிக்கும்.”

நான் தில்லிபாபுவின் முகத்தைப் பார்க்க முடியாமல் ஜன்னல் பக்கம் திரும்பிக்கொண்டேன். நீட்டிய கைகளை அவன் மெதுவாக மடியில் வைத்துக்கொண்டான். “உடு கஸ்தூரி, இஸ்துகினு வராத” என்றான். “தானா வரட்டும்.”

தினமும் அழைத்து வந்தார்கள். இரண்டாம் நாள் பக்கத்துக் கட்டில் வரை வந்தாள். அப்புறம் ஒரு நாள் அவனுக்கு ஜுரம் அதிகம் என்று பார்க்கவே விடவில்லை. அதற்கடுத்த நாள் கட்டிலின் கால்மாட்டுக்கு வந்து கம்பியைப் பிடித்துக்கொண்டு நின்றாள். அவன் அசையவே இல்லை. அசைந்தால் ஓடிவிடுவாள் என்று பயம். மூச்சைக் கூடப் பிடித்துக்கொண்டு படுத்திருந்தான். அவள் ரொம்ப நேரம் யோசித்து, போர்வைக்கு வெளியே நீட்டிக்கொண்டிருந்த அவன் கால் கட்டைவிரலை ஒரே ஒரு விரலால் தொட்டுவிட்டு, கையை உடனே இழுத்துக்கொண்டு அவன் முகத்தைப் பார்த்தாள். அவன் சிரித்தான்.

“நாளைக்கி முட்டி வரைக்கும் வா, இன்னா?” என்றான்.

அவள் தலையாட்டினாள். மறுநாள் காலையில் நாங்கள் அவளைக் கூட்டிக்கொண்டு போனபோது படுக்கையைச் சுற்றித் திரை இழுத்திருந்தார்கள்.